திருகோணமலையிலிருந்து விஎஃப்எக்ஸ் வேலைக்கு: ஒரு நிகழ்வு ஆய்வு

ஓர் இளைஞர் 2019இலிருந்து 2025 வரை விஎஃப்எக்ஸ் துறையில், அதாவது பிடித்த காட்சிகளைக் கணினியில் மாற்றியும் சேர்த்தும் அமைக்கிற வேலையில், கடந்து வந்த பாதையை இங்கே பதிகிறேன். அவருடைய சம்மதத்தோடுதான் எழுதுகிறேன். பெயரும், வேலை பார்த்த இடங்களின் பெயரும் வேண்டாம் என்றார், அப்படியே விட்டிருக்கிறேன். நான் முன்பு கொழும்பில் படத்தொகுப்பு வேலை பார்த்தவன், இப்போது திருகோணமலையில் இருக்கிறேன். வீடியோ வேலையில் நாட்டமுள்ள பிள்ளைகள் செய்ததைக் காட்ட வருவார்கள். இவரும் அப்படி வந்தவர்தான். இந்தத் துறைக்குப் போக நினைக்கிற பிள்ளைகளுக்கும், அவர்களுக்காகக் காணியையும் நகையையும் அடகு வைக்கத் துணிகிற பெற்றோருக்கும் இது பயன்பட வேண்டும்.

பின்னணி

நகரை ஒட்டிய கரையோரக் கிராமம் ஒன்றைச் சேர்ந்தவர். தகப்பன் கடற்றொழிலாளி, தாய் வீட்டில் தையல் வேலை செய்பவர், ஒரு தங்கச்சி. உயர்தரத்தில் தொழில்நுட்பப் பிரிவு படித்தார். வெட்டுப்புள்ளி போதாமல் பல்கலைக்கழகம் கைவிட்டுப்போக, நகரில் ஒரு வீடியோ கடையில் சேர்ந்தார். கலியாண வீடு, சாமத்தியவீடு, கோயில் திருவிழா என்று படம் பிடிப்பதும் தொகுப்பதும்தான் வேலை. 2019 ஏப்ரல் 21 குண்டுவெடிப்புகளுக்குப் பிறகு விழாக்கள் சுருங்கின. 2020 மார்ச்சில் ஊரடங்கு வந்தது. கடை திறக்காத மாதங்களில் வீட்டில் இருந்தபடியே பிளெண்டர், ஆஃப்டர் எஃபெக்ட்ஸ் என்ற விஎஃப்எக்ஸ் மென்பொருள்களைப் பழகினார். பிளெண்டர் இலவசம், யூடியூபில் பாடங்களுக்கும் பஞ்சமில்லை. கணினியின் நினைவகம் 8 ஜிபிதான். ஒரு தீப்பிழம்பைக் கணக்கிட்டு முடிக்க இரவு முழுவதும் ஓடவிட்டுவிட்டு, மின்சாரம் போகக்கூடாது என்று வேண்டிக்கொண்டு படுப்பாராம்.

முதல் ஷோரீலில் கண்டவை

2021இல் என்னிடம் வந்தபோது மூன்று நிமிடத்துக்கு மேல் நீளமான ஒரு ஷோரீல் (வேலை கேட்கும்போது காட்டும் மாதிரி வீடியோ) கையில் இருந்தது. வெடிப்பு, தீ, ஒளிவாள், இடிந்து விழும் கட்டடம், கோணேசர் கோயில் இருக்கும் சுவாமி மலைக்கு மேலால் வருகிற விண்கலம் என எல்லாம் இருந்தன. "எத்தனையோ கம்பனிக்கு அனுப்பினனான், ஒருத்தரும் பதில் போடேல்ல, அண்ணா" என்றார்.

பதில் வராததன் காரணம் பார்த்ததுமே தெரிந்தது. வெடிப்பும் ஒளிவாளும் யூடியூப் பாடங்களை அப்படியே செய்தவை. ஆள் எடுப்பவர்கள் அதே வெடிப்பை வேறு பலருடைய ரீலிலும் பார்த்திருப்பார்கள். சொந்தமாகச் செய்தது விண்கலக் காட்சி ஒன்றுதான். அதில் இரண்டு பிழைகள். சுவாமி மலை கிழக்கே வங்காள விரிகுடாவைப் பார்த்தபடி நிற்கிறது. பின்னேரத்தில் அங்கே வெளிச்சம் தரைப் பக்கமிருந்து வரும், கடல் பக்கம் மங்கிக்கொண்டு போகும். இவருடைய விண்கலத்திலோ கடல் பக்க முகம் பொன்னாக மின்னியது. பாடத்தில் இருந்த வெளிச்சத்தை மாற்றாமல் வைத்திருந்தார். இரண்டாவது, கறுப்பு. ஈரக்காற்றுள்ள ஊரில் தூரத்துப் பொருளின் கறுப்பு ஒருபோதும் முழுக் கறுப்பாகத் தெரியாது, சாம்பல் நீலமாக வெளுத்துத்தான் தெரியும். துறைமுகத்துக்கு அப்பாலுள்ள மலைகளைப் பார்த்தாலே போதும். விண்கலத்தின் நிழல் பகுதி பக்கத்துக் குன்றைவிட அழுத்தமான கறுப்பாக இருந்ததால், வெட்டி ஒட்டிய படம்போல் முன்னால் துருத்திக்கொண்டு நின்றது.

அதே காட்சியில் நல்லது ஒன்றும் இருந்தது. விண்கலம் ஒரு மரக்கிளைக்குப் பின்னால் போய் மறைகிறது. கிளை காற்றில் ஆடுகிறது, ஆனால் இலைகளின் ஓரம் கொஞ்சமும் நடுங்கவில்லை, கலங்கவில்லை. "தம்பி, இந்தக் கிளையை எப்பிடிப் பிரிச்சனி?" என்று கேட்டேன்.

"இலையை வெளிச்சத்தை வைச்சுப் பிரிச்சனான், அண்ணா. பின்னால வானம் வெள்ளையாத்தானே கிடக்கு. கொப்பை மட்டும் கையால வெட்டினனான். இலையையும் கையால வெட்டினா ஒரு மாசம் போயிடும்."

இந்தப் பதிலை நான் பெரிதாக எடுத்துக்கொண்டேன். எதைக் கையால் வெட்ட வேண்டும், எதை ஒளி வேறுபாட்டை வைத்துப் பிரிக்க வேண்டும் என்பது, உருவத்தைப் பின்னணியிலிருந்து பிரிக்கிற ரோட்டோ வேலையின் முதல் தீர்மானம். யாரும் சொல்லித்தராமலே அது அவருக்கு வந்திருந்தது.

முதல் முடிவு: ரீலைக் கைவிட்டது

விண்கலம், வெடிப்பு எல்லாவற்றையும் எடுத்துவிட்டு, ரோட்டோவும், வேண்டாததை அழிக்கிற பெயிண்டும் மட்டுமே உள்ள சின்ன ரீல் ஒன்று செய்யச் சொன்னேன். அவருக்கு விருப்பமில்லை. ரோட்டோ என்றால் கூலி வேலை மாதிரி என்று எங்கோ படித்திருந்தார். அதில் உண்மையும் உண்டு. ஓர் உருவத்தின் ஓரத்தைப் பிரேம் பிரேமாக வரைந்து பின்னணியிலிருந்து பிரிக்கிற வேலை அது. அலுப்பானது, சம்பளமும் அடிமட்டம். ஹொலிவூட் படங்களின் ரோட்டோவில் பெரும்பங்கு இந்தியாவுக்கு வருவதும் அதனால்தான். ஆனாலும் என் நிலைப்பாடு மாறவில்லை. பட்டம் இல்லாத, துறையில் ஒருவரையும் தெரியாத பிள்ளையின் ரீலைப் பார்க்கும் ஒரு மேற்பார்வையாளர், நாளைக் காலையே இவரிடம் எந்த வேலையை நம்பிக் கொடுக்கலாம் என்றுதான் யோசிப்பார். வெடிப்புக் காட்சியை யாரும் கொடுக்கப்போவதில்லை. ரோட்டோ கொடுப்பார்கள்.

கடல் அமைதியாக இருக்கும் பருவம் அது, கரைவலை இழுப்பார்கள். உப்புவெளிக் கரையில் வலை இழுப்பதைப் படம் பிடித்தார். வினாடிக்கு 25 பிரேம், ஷட்டர் 1/50. கலியாண வீட்டில் பழகிய அளவுதான். நாலு வினாடிக் காட்சி என்றால் 100 பிரேம். முதல் முயற்சியில் ஒவ்வொரு ஆளையும் ஒரே கோட்டால் சுற்றி வளைத்து, பிரேமுக்குப் பிரேம் புள்ளிகளை நகர்த்தினார். ஓட்டிப் பார்த்தால் ஆட்களின் ஓரம் கொதிக்கிற தண்ணீர்போல் குமிழ்ந்தது. பிறகு மாற்றிச் செய்தார்: தலை, கழுத்து, மேற்கை, முன்கை, உள்ளங்கை, ஒவ்வொன்றுக்கும் தனி ஷேப் (சுற்றுக்கோடு). அசைவு திசை மாறுகிற பிரேம்களில் மட்டும் கீ (கோட்டைக் கையால் பொருத்தி வைப்பது), பிறகு அவற்றின் நடுவில், தேவைப்பட்டால் அதற்கும் நடுவில். முழங்கையில் வைத்த புள்ளி 100 பிரேமிலும் முழங்கையிலேயே நிற்க வேண்டும். ஓரம் வழியே வழுக்கிக்கொண்டு போனால் எவ்வளவு கவனமாக வரைந்தாலும் ஓரம் கொதிக்கும். வேகமாக வீசும் கையில் மங்கல் வரும் இடத்தில் கோட்டை மங்கலின் நடுவில் வைத்து, மங்கலை மென்பொருளால் ஷட்டருக்கு ஏற்பக் கூட்ட வேண்டும். வலையைக் கையால் வெட்டப் போகவில்லை, அதை ஒளி வேறுபாட்டால் பிரித்தார். கோயில் வீதிக் காட்சி ஒன்றில் மின்கம்பிகளை அழித்து, அழித்த இடத்தில் படத்தில் இயல்பாக இருக்கும் நுண்புள்ளிகளைத் திரும்பச் சேர்த்தார். நியூக் மென்பொருளின் இலவசப் பதிப்பிலேயே இவ்வளவும் செய்தார். அதை வணிக வேலைக்குப் பயன்படுத்தக்கூடாது, வெளியீடும் 1920க்கு 1080க்கு மேல் போகாது. பழகுவதற்கு அது தாராளம்.

இரண்டாவது முடிவு: சென்னையா, கொழும்பா

இதற்கிடையில் வீட்டில் வேறு திட்டம் ஓடியது. மாமா ஒருவர் சென்னையில் ஒரு விஎஃப்எக்ஸ் பயிற்சி நிலையத்தில் விசாரித்து வந்திருந்தார். ஒரு வருடப் படிப்பு, முடிந்ததும் சென்னையிலேயே வேலை என்று சொன்னார்களாம். காணி உறுதியை வங்கியில் வைக்கக் குடும்பம் தயார்.

என்னைக் கேட்டபோது ஒரு விடயத்தைச் சொன்னேன். படிக்க மாணவர் விசா கிடைக்கலாம், ஆனால் இந்தியாவில் வேலை விசா என்பது வேறு கதை. வெளிநாட்டவருக்கு அந்த விசா தர, சம்பளம் ஆண்டுக்கு 16.25 லட்சம் இந்திய ரூபாய்க்கு மேல் இருக்க வேண்டும் என்பது அங்குள்ள விதி. சில தொழில்களுக்கு மட்டும் விலக்கு உண்டு. தொடக்கநிலை ரோட்டோ கலைஞருக்குக் கிடைக்கும் சம்பளம் அதற்குக் கிட்டவும் வராது. படிப்பு முடிந்ததும் ஊர் திரும்புவதைத் தவிர வழியிருக்காது. பயிற்சி நிலையம் இதைச் சொல்லவில்லை. மாமாவும் கேட்கவில்லை, கேட்க வேண்டும் என்று அவருக்குத் தெரியவும் நியாயமில்லை.

தாய் கேட்ட கேள்வி இன்னும் நினைவிருக்கிறது: "பெரிய கம்பனியில ஒருக்காப் போய்ச் சேர்ந்திட்டா நிரந்தரம்தானே, தம்பி?" இல்லையம்மா என்றேன். 2013 பெப்ரவரியில் அமெரிக்காவின் ரிதம் அண்ட் ஹியூஸ் நிறுவனம் வங்குரோத்து மனுக் கொடுத்தது. இரண்டு வாரம் கழியவில்லை, அதே நிறுவனம் வேலை செய்த லைஃப் ஒஃப் பை படத்துக்கு விஎஃப்எக்ஸுக்கான ஒஸ்கார் கிடைத்தது. படத்துக்கு இவ்வளவு என்று முன்கூட்டியே தொகை பேசி எடுக்கிற தொழில் இது. இயக்குநர் எத்தனை முறை மாற்றச் சொன்னாலும் தொகை அநேகமாக அதேதான். சென்னைத் திட்டம் கைவிடப்பட்டது. காணி உறுதி பெட்டிக்குள்ளேயே இருந்தது.

புதிய ரீலைக் கொழும்பில் உள்ள, படப்பிடிப்புக்குப் பிந்திய வேலைகள் செய்கிற ஒரு போஸ்ட் புரொடக்‌ஷன் நிறுவனம் பார்த்து, சோதனைக்கு ஒரு ஷொட் (தனிக் காட்சித் துண்டு) அனுப்பியது. 2021 இறுதியில் வேலைக்கு எடுத்தார்கள்.

கொழும்பு: ரோட்டோ மேசை

வெள்ளவத்தையில் நாலு பேரோடு ஒரு அறை. நிறுவனம் உள்ளூர் விளம்பரங்கள் செய்தது, வெளிநாட்டிலிருந்து இரண்டாம் மூன்றாம் கையாக வரும் ரோட்டோ வேலையும் எடுத்தது. முதல் நாள் கொடுத்த காட்சியைத் திறந்தால் படம் இருண்டு, சரியில்லாமல் கிடந்ததாம். கோப்பு பழுது என்று நினைத்துவிட்டார். கலியாண வீடியோ நிறம் ஏற்றிய 8 பிட் கோப்பாக வரும். இங்கே வந்தவை 16 பிட் ஓப்பன்இஎக்ஸ்ஆர் கோப்புகள், கமரா பதிந்த ஒளி முழுவதையும் வைத்திருப்பவை. சரியான வண்ண மாற்றத்தை வைத்துப் பார்த்தால்தான் கண்ணுக்குப் படமாகத் தெரியும்.

முதல் மாதங்களில் தரப் பரிசோதனையில் திரும்பி வந்த வேலையே அதிகம். குறிப்புகள் எல்லாம் ஆங்கிலத்தில், இரண்டு மூன்று சொல்லில் இருக்கும். அவற்றை ஒரு கொப்பியில் எழுதி, பக்கத்தில் தமிழில் காரணத்தையும் திருத்திய விதத்தையும் எழுதி வைத்தார். அந்தக் கொப்பியை நான் பார்த்திருக்கிறேன். ஒரு பக்கத்தில் "காது: தலையோடு சேர்க்காதே, தனி ஷேப்" என்று இருந்தது; அதற்குக் கீழே தலை திரும்பும்போது காது எந்தப் பிரேமில் மறைகிறது என்று சின்னப் படமும் கீறியிருந்தார். எந்தப் பயிற்சி நிலையமும் இதைவிட நன்றாகக் கற்றுக்கொடுக்கும் என்று எனக்குத் தோன்றவில்லை.

2022இல் நாடே நிலைகுலைந்தது. மார்ச் இறுதியில் நாளுக்கு 13 மணி நேரம்வரை மின்வெட்டு. ஜெனரேட்டருக்கு டீசல் இல்லை. மின்சாரம் இருந்த நேரத்துக்கு வேலைநேரம் மாறியது, அது பெரும்பாலும் இரவு. ரூபாய் விழுந்ததால் டொலரில் வந்த வேலைக்கு நிறுவனத்துக்கு ரூபாயில் கூடுதலாகக் கிடைத்தது, ஊழியர் சம்பளமோ பழையபடிதான். இவர் ஒப்பந்த ஊழியர் என்று காரணம் காட்டி, ஓய்வுகாலச் சேமிப்பான ஊழியர் சேமலாப நிதியும் கட்டப்படவில்லை. சட்டப்படி ஊழியர் 8 சதவீதம், வேலை கொடுப்பவர் 12 சதவீதம், நம்பிக்கை நிதிக்கு இன்னும் 3 சதவீதம். அந்த வருடங்களின் பங்கு அவருக்கு இல்லாமலே போயிற்று. இளம் பிள்ளைகள் இதைப் பெரிதாக எடுப்பதில்லை. பெற்றோர் கேட்க வேண்டும்.

மூன்றாவது முடிவு: குறைந்த சம்பளத்துக்கு மாறியது

2023 முற்பகுதியில் இரண்டு வழிகள் முன்னால் வந்தன. ரோட்டோ அணிக்குப் பொறுப்பாளராகி சம்பள உயர்வு வாங்குவது ஒன்று. பல துண்டுகளை ஒரே காட்சியாக இணைக்கிற கொம்பொசிட்டிங் பிரிவில் கடைசி ஆளாகப் போய் உட்காருவது மற்றது. அதற்கு இப்போதைய சம்பளத்திலும் கொஞ்சம் குறையும்.

வீட்டில் எல்லோரும் முதலாவதைத்தான் சொன்னார்கள். தங்கச்சியின் கலியாணப் பேச்சு வேறு நடந்துகொண்டிருந்தது. நான் இரண்டாவதைச் சொன்னேன். நியூக்கில் கொப்பிகெட் என்ற கருவி 2021இலேயே வந்துவிட்டது: சில பிரேம்களை வரைந்து காட்டினால் மற்றவற்றை அதுவே பழகிச் செய்யும். டாவின்சி ரிசோல்வ் என்ற தொகுப்பு மென்பொருளில், ஆளைத் தானாகவே பிரிக்கிற மஜிக் மாஸ்க் இருந்தது. 2023 ஏப்ரலில் மெட்டா நிறுவனம், படத்தில் உள்ள பொருட்களைத் தானாகவே பிரிக்கிற செக்மென்ட் எனிதிங்கை வெளியிட்டது. கூந்தலிலும் வேக மங்கலிலும் இவை இன்னும் தடுமாறின, ஆனால் நேரான சுலபமான ஷொட்டுகளை விழுங்கத் தொடங்கிவிட்டன. தொடக்கநிலை ரோட்டோ அணி உயிர் வாழ்வது அந்தச் சுலபமான ஷொட்டுகளால்தான். அவை போனால் அணிக்கும் வேலையில்லை, பொறுப்பாளருக்கும் வேலையில்லை. கொம்பொசிட்டிங்கில் பல இடத்திலிருந்து வரும் துண்டுகளை ஒரே வெளிச்சத்தில், ஒரே காற்றில் இருப்பதாக நம்ப வைக்க வேண்டும். எது பொருந்தவில்லை என்று கண் சொல்ல வேண்டும். கருவி வேகமாக, அந்தக் கண்ணுக்குத்தான் தேவை கூடும் என்று நான் நம்பினேன், இன்றும் நம்புகிறேன்.

ஒரு கிழமை யோசித்து, கொம்பொசிட்டிங்குக்குப் போனார். தங்கச்சியின் கலியாணம் தள்ளிப்போனது. அந்தக் குடும்பம் கொடுத்த விலை அது, சின்ன விலை இல்லை.

நடந்தது

2023 மே 2இல் ஹொலிவூட் எழுத்தாளர்கள் வேலைநிறுத்தம் தொடங்கியது. ஜூலை 14இல் நடிகர்களும் சேர்ந்தார்கள். எழுத்தாளர்கள் செப்டெம்பர் இறுதியிலும் நடிகர்கள் நவம்பரிலும்தான் திரும்பினார்கள். படப்பிடிப்பு இல்லையென்றால் சில மாதங்களில் விஎஃப்எக்ஸும் இல்லை. கொழும்பு நிறுவனத்துக்கு வெளிநாட்டு ரோட்டோ வருவது நின்றது. வருட முடிவுக்குள் ரோட்டோ அணி கலைக்கப்பட்டது, பொறுப்பாளராகப் போனவர் உட்பட. உள்ளூர் விளம்பரங்கள் ஓடியதால் கொம்பொசிட்டிங் பிரிவு தப்பியது.

அதே வருடம் இன்னொன்றும் நடந்தது. இவர் ரோட்டோ செய்த வெளிநாட்டுப் படம் ஒன்று வெளிவந்தது. விடுமுறையில் ஊருக்கு வந்திருந்தபோது குடும்பமாக இருந்து பார்த்தார்கள். கடைசியில் பெயர்கள் ஓடி முடியும்வரை தாய் எழும்பவில்லை. இவருடைய பெயர் இல்லை, நிறுவனத்தின் பெயரும் இல்லை. கைமாறி வருகிற வேலையில் இது சாதாரணம். இரகசியம் காக்கும் ஒப்பந்தம் இருந்ததால் அந்த ஷொட்டுகளை ரீலில் போடவும் முடியவில்லை. இரண்டு வருட உழைப்புக்கு வெளியே காட்டத்தக்க சாட்சியே இல்லாமல் போகும் நிலை. என்னென்ன வகை வேலை செய்தார் என்று, படத்தின் பெயர் குறிப்பிடாமல், நிறுவனத்திடமிருந்து கடிதம் ஒன்று வாங்கி வைத்தார்.

மீண்டும் திருகோணமலை

2024இல் தகப்பனுக்குச் சுகமில்லாமல் போக, வீட்டிலிருந்து வேலை செய்ய அனுமதி கேட்டு ஊர் திரும்பினார். விளம்பர வேலைக்கு நிறுவனம் சம்மதித்தது. வெளிநாட்டுப் படங்களை வீட்டிலிருந்து செய்ய வழியில்லை. பெரிய ஸ்டூடியோக்கள் தங்கள் காட்சிகள் கசியாமலிருக்க, வேலை செய்யும் இடத்தின் பூட்டு, கமரா, வலையமைப்பு வரை சோதிக்கின்றன. கரையோரக் கிராமத்து வீட்டின் முன்னறைக்கு அந்த அங்கீகாரம் கிடைக்காது. ஊரில் இருந்துகொண்டே ஹொலிவூட் படம் செய்யலாம் என்று கனவு காணும் பிள்ளைகள் இதை முதலிலேயே அறிந்திருக்க வேண்டும்.

ஆகவே தொலைக்காட்சி நாடகம், விளம்பரம், குறும்படம் என்று எடுத்தார். சொந்த வேலைக்கு நியூக் உரிமம் வாங்கக் கட்டாது. ரிசோல்வ் ஸ்டூடியோவுக்கு ஒரே முறை 295 டொலர் கட்டி, அதிலுள்ள ஃபியூஷன் என்ற கொம்பொசிட்டிங் பகுதியில் செய்கிறார். வெளிநாட்டு வாடிக்கையாளர் ஒருவர் முழு வேலையையும் வாங்கிக்கொண்டு மிச்சக் காசு கொடுக்காமல் விட்டார். அதற்குப் பிறகு அவர் வைத்த நிபந்தனை: பாதிக் காசு முன்னால், திருத்தம் எத்தனை முறை என்பது எழுத்தில், மிச்சம் கணக்கில் விழும்வரை நீர்முத்திரை இட்ட சின்ன அளவுக் கோப்பு மட்டும். அப்போது பேபாலில் இலங்கைக் கணக்குக்குக் காசு பெற முடியாமல் இருந்ததால் வங்கிப் பரிமாற்றம்தான், அதன் கட்டணம் யாருடையது என்பதும் முதலிலேயே பேசப்பட்டது.

மாற்ற வேண்டியவை

கொம்பொசிட்டிங்குக்கு மாறும் பேச்சை 2023வரை வைத்திருக்கத் தேவையில்லை. ரோட்டோவில் முதல் ஆறு மாதம் முடிந்ததுமே, வேலை நேரம் முடிந்த பிறகு கொம்பொசிட்டர் பக்கத்தில் உட்கார அனுமதி கேட்டிருக்கலாம். தான் வெட்டிய ஓரம் அங்கே என்ன ஆகிறது என்று பார்த்திருந்தால் ரோட்டோவும் விரைவாகத் திருந்தியிருக்கும்.

சேமலாப நிதி இல்லாத ஒப்பந்தத்தில் கையெழுத்திட முன், ஒரு முறையாவது கேட்டிருக்க வேண்டும். கேட்ட இருவருக்கு அதே நிறுவனம் கட்டியது என்று பின்னர்தான் தெரிந்தது.

ஆங்கிலத்தையும் சொல்ல வேண்டும். பரீட்சை ஆங்கிலம் வேறு, திருத்தக் குறிப்பை வாசித்து மறுகேள்வி எழுதுகிற ஆங்கிலம் வேறு. பின்னையது இல்லாததால் முதல் வருடத்தில் புரியாததைப் புரிந்ததாக விட்டு, ஒரே ஷொட்டைத் திரும்பத் திரும்பச் செய்தார்.

2025 பெப்ரவரியில் எம்பிசி, த மில் போன்ற விஎஃப்எக்ஸ் நிறுவனங்களை வைத்திருந்த டெக்னிகலர் குழுமம் குலைந்தது. இந்தியாவில் இருந்த அதன் கிளையும் மூடியது. சென்னைக்குப் போயிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று இவருடைய மாமாவே என்னிடம் பேச்செடுத்தார். அதற்காக எல்லோரும் ஊரிலேயே இருக்க வேண்டும் என்று நான் சொல்லமாட்டேன். கொழும்பில் அந்த இரண்டு வருடம் இல்லாவிட்டால் இன்று வீட்டிலிருந்து வேலை செய்யும் தகுதி இவருக்கு வந்திருக்காது.

இன்றைய நிலை

2025 நடுப்பகுதியில் கொழும்பு நிறுவனம் முழுநேரக் கொம்பொசிட்டராக வரும்படி கேட்டது. சேமலாப நிதியோடு எழுத்துமூல நியமனம், மாதத்தில் இரண்டு கிழமை திருகோணமலையிலிருந்து வேலை என்று பதில் எழுதினார். முதலாவதை ஒத்துக்கொண்டார்கள், இரண்டாவதை ஒரு கிழமையாகக் குறைத்தார்கள். தகப்பனைக் கிளினிக்குக்குக் கூட்டிப்போகும் நாட்கள் அந்த ஒரு கிழமைக்குள் வருமாறு ஒழுங்கு செய்துவிட்டுக் கையெழுத்திட்டார். தங்கச்சியின் கலியாணத்துக்கும் நாள் பார்த்திருக்கிறார்கள்.